யூரோடான்ஸுக்குத் தொகுப்புதான் அசல் ஆல்பம்

ஜெர்மனியின் வார இறுதிப் பழம்பொருள் சந்தைகளில் சிடிக்களை வாழைப்பழ அட்டைப்பெட்டிகளில் முதுகு தெரிய அடுக்கி வைத்திருப்பார்கள். அந்த வரிசையில் மற்றவற்றைவிட இரண்டு மடங்கு தடித்த பெட்டிகள் தனியாகத் தெரியும், பல குழுக்களின் பாட்டுகளைச் சேர்த்த தொகுப்புகள் அவை. பிராவோ ஹிட்ஸ் இத்தனையாவது பகுதி, டான்ஸ் மேக்ஸ் இத்தனையாவது பகுதி என்று முதுகில் எண் போட்டிருக்கும். உள்ளே இரண்டு தட்டு, கிட்டத்தட்ட நாற்பது பாட்டு. பின்னட்டையில் எறும்பு ஊர்வது மாதிரி குழுப் பெயர்கள். அவற்றில் பாதியை இன்று யாரும் சொல்லிவிட முடியாது. ஆனால் தட்டைப் போட்டுப் பாருங்கள், ஐந்து நொடிக்குள் "அட, இதுவா!" என்பார்கள்.

பெயர் மறந்து பாட்டு மட்டும் நினைவில் நிற்பது யூரோடான்ஸின் விபத்து அல்ல. அந்த இசையைச் செய்த முறையே அப்படி.

1989 வாக்கில் கிளம்பி 1990-களின் கடைசிவரை ஐரோப்பாவின் டிஸ்கோக்களையும் கார் ரேடியோக்களையும் திருவிழா ராட்டினங்களையும் ஆட்டிவைத்த நடன இசைதான் யூரோடான்ஸ். பெண் குரலில் பெரிய பல்லவி, ஆண் குரலில் ராப் சரணம், நடுவில் வார்த்தை இல்லாமல் ஒரு சின்தசைசர் மெட்டு, அடியில் ஒரு தட்டுக்கூட விடாமல் இடிக்கும் கிக் டிரம். செய்முறை இவ்வளவுதான். விமர்சகர்கள் அன்றே மூக்கைச் சுளித்தார்கள். அவர்கள் சொன்னதில் உண்மையும் உண்டு: வரிகள் பெரும்பாலும் அரைவேக்காடு. ஸ்னாப் குழுவின் "ரிதம் இஸ் எ டான்சர்" பாட்டில் 'டான்சர்' என்ற சொல்லுக்கு இயைபு தேடிப் புற்றுநோயை இழுத்து வந்திருப்பார்கள். அதைக் கேட்டு நெளியாதவர் கிடையாது. அதே பாட்டு 1992-இல் ஜெர்மனியில் பத்து வாரமும் பிரிட்டனில் ஆறு வாரமும் முதலிடத்தில் இருந்தது.

ஸ்னாப் என்பது உண்மையில் யார்? பிராங்க்பர்ட்டைச் சேர்ந்த மிஷேல் மூன்சிங், லூகா அன்சிலோட்டி என்ற இரண்டு தயாரிப்பாளர்கள். மெட்டு, தாளம், ஒலிக்கலவை எல்லாம் அவர்கள் ஸ்டூடியோவில் முடிந்துவிடும். குரலுக்கு மட்டும் ஆள் வேண்டும். ராப் பாடிய டர்போ பி அமெரிக்கர், ராணுவப் பணியில் ஜெர்மனிக்கு வந்தவர். லா பூஷ் குழுவின் லேன் மெக்ரேயும் அமெரிக்க விமானப்படையில் இருந்தவர்தான். இரண்டாம் உலகப் போருக்குப் பின் மேற்கு ஜெர்மனியில் அமெரிக்கப் படைகள் தங்கிவிட்டதால், பிராங்க்பர்ட் வட்டாரத்தில் ஹிப்ஹாப்பும் சோல் இசையும் அறிந்த இளைஞர்களுக்குப் பஞ்சமே இல்லை. யூரோடான்ஸ் பாடல்களில் ஆங்கிலமும் அமெரிக்க உச்சரிப்பும் இருப்பதற்குப் பனிப்போருக்கும் ஒரு பங்கு உண்டு என்றால் சிரிக்காதீர்கள்.

அப்புறம் அந்த ஊர் விமான நிலையம். 1978-இல் அதன் கட்டடத்துக்குள்ளேயே டோரியன் கிரே என்ற டிஸ்கோ திறந்தார்கள். அங்கே இசைத்தட்டு ஓட்டியவர்களில் ஒருவர் டார்ஸ்டன் பென்ஸ்லாவ். கல்ச்சர் பீட் என்ற பெயருக்குப் பின்னால் இருந்தவர் அவர். 1993-இல் அவருடைய "மிஸ்டர் வெய்ன்" ஐரோப்பாவையே கலக்கியது. அதே ஆண்டு நவம்பரில் கார் விபத்தில் இறந்தபோது அவருக்கு வயது 29. கல்ச்சர் பீட் அதோடு நின்றுவிடவில்லை, தொடர்ந்து பாட்டு வெளியிட்டது. குழு என்பது நால்வர் சேர்ந்து கட்டியது அல்ல, ஒரு பெயர்ப்பலகை. ஆள் மாறினாலும் பலகை தொங்கும்.

முகத்தின் கதை இன்னும் வேடிக்கை. பெல்ஜியத்தின் டெக்னோட்ரானிக் 1989-இல் வெளியிட்ட "பம்ப் அப் தி ஜாம்" வீடியோவில் வாயசைப்பவர் பெல்லி என்ற மாடல், பாடியவர் யா கிட் கே. இத்தாலியின் பிளாக் பாக்ஸ் அதே ஆண்டு வெளியிட்ட "ரைடு ஆன் டைம்" பாட்டுக்கு வாயசைத்தவர் கேத்ரின் கினோல், ஒலித்ததோ லொலீட்டா ஹாலோவே என்ற அமெரிக்கப் பாடகி 1980-இல் பாடிய வேறொரு பாட்டிலிருந்து வெட்டி எடுத்த குரல். "தி ரிதம் ஆஃப் தி நைட்" பாடிய கொரோனா என்றதும் எல்லோருக்கும் நினைவு வருவது பிரேசிலைச் சேர்ந்த ஒல்கா சூசாவின் முகம், குரல் இத்தாலியப் பாடகி ஜென்னி பி-யுடையது. ரியல் மெக்காய் குழுவின் "அனதர் நைட்" பாட்டிலும் பாட்சி பீட்டர்சன் வாயசைக்க, கரின் கசார் பாடியிருந்தார். பின்னணிப் பாடகருக்குப் பழகிய நமக்கு இதில் அதிர்ச்சி ஒன்றும் இருக்காது. ஆனால் நம் படங்களில் பாடியவர் பெயர் கேசட் உறையிலாவது இருக்கும், இங்கே அதுவும் இருக்காது. பிளாக் பாக்ஸின் வேறு பாடல்களைப் பாடிய மார்த்தா வாஷ் இதற்காக நீதிமன்றம் ஏறினார். பாடியவர் பெயரை ஒழுங்காகப் போடும் பழக்கம் வலுத்தது அதற்குப் பிறகுதான்.

இப்படிப்பட்ட பலகையின் பெயரில் முழு ஆல்பம் போட்டால் என்ன ஆகும்? இரண்டோ மூன்றோ ஹிட், மிச்சம் எல்லாம் இடம் நிரப்ப. விதிவிலக்குகள் உண்டு, நிறைய இல்லை. ராக் குழுவின் ஆல்பத்தை வாங்குபவர் அந்த நால்வரோடு ஒரு மணி நேரம் இருக்க விரும்பி வாங்குகிறார். ஆளே இல்லாத குழுவோடு யார் இருப்பது? ஒரு பாட்டுக்கென்று வரும் சிங்கிள் சிடியாக வாங்கலாம் என்றால், நான்கைந்து சிங்கிளுக்கு ஆகும் காசில் நாற்பது பாட்டு கொண்ட இரட்டை சிடி வந்துவிடும். வாரச் செலவுக்கு வீட்டில் காசு வாங்கும் பதினான்கு வயதுப் பிள்ளைக்கு இந்தக் கணக்கைச் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை.

தொகுப்பு வியாபாரம் யூரோடான்ஸுக்கு முன்பே இருந்தது. கனடாவின் வினிபெக் நகரில் பிலிப் கைவ்ஸ் தொடங்கிய கே-டெல் 1966-இலேயே 25 கன்ட்ரி வகைப் பாடல்களை ஒரே தட்டில் போட்டு டிவி விளம்பரத்தில் விற்றது. பிரிட்டனில் 1983 நவம்பரில் வர்ஜினும் இஎம்ஐயும் கைகோத்து "நவ் தட்ஸ் வாட் ஐ கால் மியூசிக்" தொடரை ஆரம்பித்தன. அது ஓடிய ஓட்டத்தில், தனிக் கலைஞர்களின் ஆல்பங்களுக்கு முதலிடம் கிடைப்பதே சிரமமாகி, 1989 ஜனவரியில் தொகுப்புகளை முக்கியப் பட்டியலிலிருந்து பிரித்துத் தனிப் பட்டியலில் போட்டார்கள். ஜெர்மனியில் பிராவோ என்ற பதின்வயதினர் பத்திரிகையின் பெயரில் பிராவோ ஹிட்ஸ் 1992-இல் வந்தது. அடுத்த ஆண்டு டிசம்பரில் வீவா இசைச் சேனல் தொடங்கியது. பாட்டைப் பார்க்க ஒரு சேனல், வாங்க ஒரு தொடர். யூரோடான்ஸ் உச்சத்தில் இருந்தது சரியாக அந்த நேரம்.

விற்பவருக்கு இதைவிட லேசான வியாபாரம் இல்லை. ஒலிப்பதிவுச் செலவு கிடையாது, பாட்டு ஏற்கெனவே ரேடியோவில் ஓடித் தேர்வு பெற்றது. உரிமம் வாங்க வேண்டும், ராயல்டியைப் பாட்டு எண்ணிக்கையால் வகுத்துக் கொடுக்க வேண்டும், அவ்வளவுதான். பாட்டைச் செய்தவருக்கும் லாபம். ரிமினியிலோ டூரினிலோ சின்ன ஸ்டூடியோ வைத்திருப்பவர் பத்து நாட்டில் தன் பெயரில் ஆல்பம் விற்க முடியாது. பத்து நாட்டுத் தொகுப்புகளில் ஒவ்வொன்றிலும் ஒரு மூலையில் உட்கார்ந்துவிட முடியும்.

இதற்கெல்லாம் மேலே ஒன்று உண்டு. இந்த வகை இசைகளுக்குப் பெயரே தொகுப்புகள் வைத்ததுதான். யூரோடான்ஸின் தாய்வீடான 'இட்டாலோ டிஸ்கோ' என்ற சொல்லை ஊரறியச் செய்தது இத்தாலி அல்ல. ஜெர்மனியின் மெரன்பெர்க் என்ற சிற்றூரில் இருந்த ஸிக்ஸ் நிறுவனத்தின் பெர்ன்ஹார்ட் மிகுல்ஸ்கி, 1983 வாக்கில் இத்தாலியத் தட்டுகளைச் சேர்த்து வெளியிட்ட தொகுப்புகளின் அட்டையில் போட்ட பெயர் அது. டெட்ராய்ட் இசைக்கு 'டெக்னோ' என்ற பெயர் நிலைத்ததும் 1988-இல் பிரிட்டனில் வந்த ஒரு தொகுப்பின் தலைப்பால்தான். தனித்தனியாகக் கிடந்தவற்றை ஒருவர் ஒரு பெட்டிக்குள் போட்டு மேலே பெயர் எழுதிய பிறகே 'ஓ, இது ஒரு வகை' என்று உலகத்துக்குத் தெரிந்தது.

சரி, பாட்டுகள் ஒரு பெட்டிக்குள் இவ்வளவு ஒழுங்காக உட்கார்வது எப்படி? ஹாடவேயின் "வாட் இஸ் லவ்" பாட்டை எடுத்துக்கொள்வோம். 1993-இல் கொலோனில் பிறந்தது. ராப் இல்லை என்பதால் சூத்திரத்துக்குச் சற்று விலகியது, ஆனாலும் எல்லோருக்கும் தெரிந்தது. எடுத்தவுடன் குரல் கேள்வி கேட்கிறது, தாளம் இன்னும் முழுசாக இறங்கவில்லை. பல்லவியை முதலிலேயே கொடுத்துவிடுகிறார்கள், சஸ்பென்ஸ் எல்லாம் கிடையாது. பிறகு கிக் டிரம், அதன் மேல் அந்தச் சின்தசைசர் மெட்டு. வேகம் நிமிடத்துக்குச் சுமார் 124 தட்டு. நான்கு தட்டு சேர்ந்தது தாளத்தின் ஓர் அளவு, அப்படிப் பதினாறு அளவு போனால் 31 நொடி. குரல் வருவது, விலகுவது, மெட்டு திரும்புவது எல்லாம் எட்டு, பதினாறு என்ற இந்தக் கட்டங்களில்தான் நடக்கும். செங்கல் மாதிரி. ஒரே அச்சில் வார்த்த செங்கலை எந்தச் சுவரிலும் வைக்கலாம், எந்த டிஜேயும் ஒரு பாட்டின் வாலை இன்னொன்றின் தலையோடு கோத்துவிடலாம்.

நீளமும் அப்படியே. ரேடியோவுக்கென்று வெட்டிய வடிவம் மூன்றரை நிமிடத்துக்குச் சற்று மேலே இருக்கும். ஒரு சிடியில் 74 நிமிடம் கொள்ளும். இருபது பாட்டை மூன்று நிமிடம் நாற்பது நொடியால் பெருக்கினால் 73 நிமிடம் 20 நொடி. யாரோ உட்கார்ந்து திட்டமிட்டது போலத் தோன்றும், திட்டம் எதுவும் இல்லை. ரேடியோவின் அவசரமும் சிடியின் கொள்ளளவும் தற்செயலாகப் பொருந்திக்கொண்டன.

இன்னொரு காரணம் சுவரம். இந்தப் பாடல்கள் பெரும்பாலும் சோகச் சாயல் தரும் மைனர் ஸ்கேலில் அமைந்தவை. "வாட் இஸ் லவ்" பாட்டின் வரியை மட்டும் படித்தால் அது ஒரு கெஞ்சல், இனியும் என்னைக் காயப்படுத்தாதே என்பதுதான் விஷயம். கீழே டிரம் மட்டும் கல்யாணக் களை கட்டியிருக்கிறது. அழ வைக்கிற மெட்டு, ஆட வைக்கிற அடி. ஒரு பாட்டில் இது உறைக்காது. வரிசையாக நாற்பது பாட்டில் கேட்கும்போது, இந்தக் கொண்டாட்டம் முழுவதற்கும் அடியில் ஒரு ஏக்கம் ஓடுவது தெரியும். என்னைக் கேட்டால் இந்தத் தொகுப்புகள் சலிக்காமல் இருப்பதற்கு முதல் காரணம் இதுதான். வெறும் குதூகலமாக இருந்திருந்தால் ஒரே கோடையில் தீர்ந்து போயிருக்கும்.

நாட்டுக்கு நாடு தொகுப்பின் குணம் மாறியது. ஸ்பெயினில் பார்சிலோனாவின் மேக்ஸ் மியூசிக் 1985-லேயே மேக்ஸ் மிக்ஸ் தொடரைத் தொடங்கிவிட்டது. அங்கே பாட்டுகளை அடுக்குவது போதாது, துண்டு துண்டாக நறுக்கி, ஒன்றோடொன்று தைத்து, இடைவெளியே இல்லாத மெகாமிக்ஸாகத் தர வேண்டும். யார் பாட்டு என்பதைவிட யார் கோத்தார் என்பதற்கு மதிப்பு. கனடாவில் மச்மியூசிக் சேனலின் பெயரோடு, ஆண்டு எண்ணையே தலைப்பில் தாங்கி டான்ஸ் மிக்ஸ் தொடர் வந்தது. 1990-களில் டொரன்டோவில் பள்ளிக்கூடம் போன உங்கள் சொந்தக்காரர் யாராவது இருந்தால் டான்ஸ் மிக்ஸ் '95 என்று சொல்லிப் பாருங்கள். அமெரிக்காவிலோ இந்த இசை கிளப்பைவிட விளையாட்டு அரங்கில்தான் அதிகம் ஒலித்தது. டாமி பாய் நிறுவனமும் இஎஸ்பிஎன் சேனலும் சேர்ந்து 1995-இல் ஜாக் ஜாம்ஸ் என்ற தொடரையே வெளியிட்டன. டூ அன்லிமிடெட் குழுவின் "கெட் ரெடி ஃபார் திஸ்" என்ற பெயர் தெரியாத அமெரிக்கருக்கும் அதன் மெட்டு தெரியும், கூடைப்பந்து ஆட்டத்தின் இடைவேளையில் கேட்டிருப்பார். போலந்தில் 1994-இல் புதிய பதிப்புரிமைச் சட்டம் வரும்வரை சந்தைகளில் திருட்டு கேசட்டுகளைப் பகிரங்கமாக விற்றார்கள்.

எல்லாவற்றையும் தூக்கிச் சாப்பிட்டது ஜப்பான். தோஷிபா-இஎம்ஐ 1996-இல் டான்ஸ்மேனியா தொடரைத் தொடங்கியது. ஸ்வீடன், டென்மார்க், ஜெர்மனி என்று எங்கெங்கோ செய்த பாட்டுகளை நிறுத்தாமல் கோத்துத் தரும் சிடிக்கள். 1998-இல் கொனாமி நிறுவனம் டான்ஸ் டான்ஸ் ரெவல்யூஷன் என்ற, காலால் மிதித்து ஆடும் விளையாட்டு இயந்திரத்தை வெளியிட்டபோது, பாட்டுகளில் பலவற்றை இந்தத் தொடரிலிருந்தே எடுத்தது. ஸ்மைல் டாட் டிகே என்ற ஸ்வீடன் குழுவின் "பட்டர்ஃபிளை" அப்படித்தான் உலகம் சுற்றியது. தொகுப்பிலிருந்து இயந்திரத்துக்குப் போய், இயந்திரத்திலிருந்து அமெரிக்கச் சிறுவர்களின் காலுக்கு இறங்கியது. இதற்கு இணையாக சூப்பர் யூரோபீட் என்று ஒரு தொடர் 1990-இல் தொடங்கி, 2018-இல் 250-வது பகுதியைத் தொட்டது. அதற்கான பாட்டுகளை இத்தாலியத் தயாரிப்பாளர்கள் இத்தாலியில் உட்கார்ந்து ஜப்பானுக்கென்றே செய்து அனுப்பினார்கள். அவற்றில் பலவற்றைச் சொந்த ஊரில் யாரும் கேட்டதில்லை. பாட்டு முதலில் தனியாக வந்து பிறகு தொகுப்பில் சேர்ந்தது என்ற வழக்கமான வரிசையே அங்கே தலைகீழ். தொகுப்பில் பிறந்து, தொகுப்பிலேயே வாழ்ந்தவை அவை.

இத்தனைக்கும் பிறகு, எல்லாப் பாட்டும் போனில் கிடைக்கிற காலத்தில் அந்தத் தடித்த பெட்டியை ஏன் தேடுகிறார்கள்? பழைய நினைவு என்று ஒரே வார்த்தையில் முடித்துவிடலாம். எனக்கு அது போதவில்லை. 1990-களுக்குப் பிறகு பிறந்தவர்களும் தேடுகிறார்களே.

முதலில், எல்லாம் கிடைக்கிறது என்பதே பாதி உண்மை. தொகுப்புக்கு வாங்கும் உரிமம் பொதுவாகக் குறிப்பிட்ட காலத்துக்குத்தான். நாற்பது பாட்டுக்குப் பல உரிமையாளர்கள், சில நிறுவனங்கள் மூடிவிட்டன, சில கைமாறிவிட்டன. பழைய தொகுப்பை அப்படியே மறுபடி வெளியிட வேண்டுமென்றால் அத்தனை பேரிடமும் திரும்பக் கையெழுத்து வாங்க வேண்டும். யார் மெனக்கெடுவார்கள்? அப்புறம், தேடினால் வருவது அசல் பதிவுதானா என்பது அடுத்த சிக்கல். பழைய ஹிட்டைப் பிற்பாடு மலிவாகத் திரும்பப் பதிவு செய்து, அதே பெயரில், அதே மாதிரி அட்டையோடு உலவவிட்டவை ஏராளம். கேட்டுப் பழகிய காது முதல் கிக் டிரம்மிலேயே கண்டுபிடித்துவிடும்: சாயல் இருக்கிறது, ஆள் வேறு. சிடியில் இருப்பது அன்று ரேடியோவில் வந்த அதே வெட்டு, அதே ஒலி.

இரண்டாவது, நிரப்புப் பாட்டுகள். தொகுப்பின் முதல் தட்டில் முதல் ஐந்து பாட்டு எப்போதும் பெரிய ஹிட்டாக இருக்கும், அட்டையைப் பார்த்ததும் கை பையில் போக வேண்டுமே. இரண்டாவது தட்டின் கடைசியில் வருகிறவை வேறு ஜாதி. ஹிட்டைக் கொடுக்கிற நிறுவனம் தன் புதுச் சரக்கையும் சேர்த்துத் தள்ளப் பார்ப்பது வியாபார இயல்பு. அப்படி நுழைந்து, எங்கேயும் ஏறாமல், அடுத்த மாதமே மறைந்து போன பாட்டுகள் அவை. ஆனால் சிடியை ஓடவிட்டு வீட்டுப்பாடம் எழுதிய பிள்ளை அதையும் சேர்த்துத்தான் கேட்டது, முந்நூறு தடவை. ஹிட்டுகளை உலகமே மறுபடி மறுபடி போட்டுத் தேய்த்துவிட்டது: எய்ஃபல் 65 குழுவின் "ப்ளூ" மெட்டை டேவிட் கெட்டா 2022-இல் எடுத்தாண்டு பிரிட்டனில் முதலிடம் பிடித்தார், 2019-இல் ஆஸ்திரியத் துணை சான்சலர் இபிசாத் தீவில் ரகசியமாக எடுத்த வீடியோவில் மாட்டிக்கொண்டபோது வியன்னா வீதியில் கூட்டம் வெங்காபாய்ஸின் இபிசாப் பாட்டைப் பாடி ஆடியது. அவை எல்லோருக்கும் சொந்தம். பதினேழாவது பாட்டு அந்தத் தொகுப்பை வாங்கியவருக்கு மட்டும் சொந்தம்.

மூன்றாவது, எண். ஒரு ராக் ஆல்பத்துக்குத் தலைப்பு இருக்கும், தத்துவம் இருக்கும். இதற்கு எண் மட்டும். பிராவோ ஹிட்ஸின் ஒரு பகுதியைப் போட்டால், அந்த ஆண்டின் அந்த மூன்று மாதத்தில் ஊர் என்ன கேட்டுக்கொண்டிருந்தது என்பது நல்லது கெட்டது பார்க்காமல் அப்படியே வரும். உருப்படியான யூரோடான்ஸ் பாட்டுக்குப் பக்கத்தில் ஒரு சகிக்க முடியாத காமெடிப் பாட்டு இருக்கும், அடுத்து ஒரு ராக் குழு தலைகாட்டும். இன்று பிளேலிஸ்ட் போடுகிறவர் பிடித்ததை மட்டும் பொறுக்குகிறார், அல்லது நமக்குப் பிடிக்கும் என்று கணினி பொறுக்குகிறது. பழைய செய்தித்தாளைப் புரட்டும்போது செய்தியைவிட விளம்பரங்கள்தான் சுவாரஸ்யமாக இருக்கும் இல்லையா, அந்தச் சுவை இந்தப் பொறுக்கலில் கிடைக்காது.

ஒரு சின்ன இயந்திர விஷயத்தையும் சொல்ல வேண்டும். கிராமபோன் தட்டில் ஊசி வெளியிலிருந்து உள்ளே போகும். சிடி அதற்கு நேர் எதிர், லேசர் நடுவிலிருந்து தொடங்கி விளிம்பை நோக்கிப் படிக்கும். அதனால் முதல் பாட்டுகளான ஹிட்டுகள் நடு வளையத்தில் பத்திரமாக இருக்கின்றன. கடைசிப் பாட்டுகள் இருப்பதோ விரல் பிடிக்கிற, மேசையில் உரசுகிற விளிம்பில். வேறெங்கும் கிடைக்காத பாட்டு எதுவோ அதுதான் முதலில் தாவத் தொடங்கும். அதனால் விவரம் தெரிந்தவர்கள் வாழைப்பழப் பெட்டிக்கு முன்னால் குந்தி உட்கார்ந்து, இரண்டாவது தட்டை மட்டும் வெளியே எடுத்து, வெயிலுக்குச் சாய்த்து அதன் விளிம்பைத்தான் பார்க்கிறார்கள்.